குழந்தைச் சோப்பின் நாற்பது நாட்கள்

சோப்பு சுற்றுவதற்குப் பழைய காகிதம் வாங்குவது அந்த வீட்டு மருமகளின் பொறுப்பு. அச்சகத்தில் கழித்துப்போட்ட தாள், பள்ளிக்கூடத்துப் பரீட்சைத் தாள், கோர்ட்டில் காலாவதியான மனு, எதுவானாலும் சரி. மை கையில் ஒட்டாமல் இருந்தால் போதும். அந்த மழைக்காலத்தில் வந்த மூட்டையின் அடியில் தோலட்டை போட்ட தடித்த புத்தகம் ஒன்று கிடந்தது. தாள் நல்ல கனம். மூன்று தாளைக் கிழித்து மூன்று சோப்பைச் சுற்றிக் கொடுத்த பிறகுதான் அது என்ன புத்தகம் என்று அவள் பார்த்தாள்.

காலத்தைக் கையாளும் மந்திரங்கள் அடங்கிய புத்தகம். வயது எண்ணூறு வருடம் என்று முதல் பக்கத்திலேயே எழுதியிருந்தது. எழுதும்போதே எண்ணூறு வருடம் என்று எப்படிப் போட்டான் என்று கேட்கக் கூடாது. அவனுக்குத்தான் அந்த வித்தை தெரியுமே.

கிழித்துக் கொடுத்த மூன்று தாள்களில் என்ன இருந்தது என்று இன்றுவரை தெரியவில்லை. அதில் ஒன்றை வாங்கிப் போன தையல்காரர் மட்டும், போன வியாழக்கிழமை தன் வீட்டுக்கு இரண்டு தடவை வந்தது என்றும், இரண்டாவது தடவை வந்தபோது கொஞ்சம் கசங்கியிருந்தது என்றும் சொன்னார். தெருவில் யாரும் அதைச் சந்தேகப்படவில்லை. அந்தத் தெருவில் எதையுமே யாரும் சந்தேகப்படுவதில்லை.

வீட்டின் முன்பாதி பட்டறை, பின்பாதி குடித்தனம். பட்டறையில் இரண்டு பெரிய இரும்பு அண்டா, மர அச்சுகள், அதற்கு அப்பால் உலர்த்தும் அறை. அங்கே தரையிலிருந்து கூரைவரை தட்டுகள். வெட்டிய சோப்புக் கட்டிகள் ஒன்றோடொன்று ஒட்டாமல், விரல் நுழையும் இடைவெளி விட்டு, நாற்பது நாள் உட்கார்ந்திருக்கும். வாரத்துக்கு ஒருமுறை ஒவ்வொன்றையும் புரட்டி வைக்க வேண்டும். உட்கார உட்காரத் தண்ணீர் வற்றும், எடை குறையும், சோப்பில் சேர்த்த காஸ்டிக் சோடாவின் கடுப்பு அடங்கும். நாற்பதாம் நாள் ஒரு கட்டியை நாக்கு நுனியில் வைத்துப் பார்ப்பார்கள். சுருக்கென்று கடித்தால் இன்னும் பதம் வரவில்லை. ஒன்றும் செய்யாமல் சாதுவாக இருந்தால் விற்கலாம்.

உலர்த்தும் அறையை ஒட்டிய அறையில் பெரியவர் படுத்திருந்தார். மருமகளின் மாமனார், பட்டறையை ஆரம்பித்தவர். படுக்கையில் விழுந்து நாலு மாதம். உடம்பில் எல்லாம் ஓய்ந்துவிட்டது, வாய் மட்டும் முழுநேர வேலை பார்த்தது. டாக்டரின் மருந்துப்பையைப் பார்த்தாலே, "வந்துட்டான்யா, பையில என்னைப் போட்டு எடுத்துட்டுப் போக" என்பார். சூப் கொடுத்தால், "அண்டா கழுவின தண்ணியா இது? நேத்து இதைவிட ருசியா கழுவியிருந்தே" என்பார். இருபது வருடமாகக் கேட்டுக் கேட்டு மருமகளின் காது காய்ப்புக் காய்த்திருந்தது. அவளை அவர் 'தராசு' என்றுதான் கூப்பிடுவார். பட்டறையில் காஸ்டிக் நிறுப்பது அவள்தான்.

அந்தப் புத்தகத்தை அவரிடம் கொடுத்தது நல்லெண்ணத்தில் அல்ல. படித்துக்கொண்டிருந்தால் ஒரு மணி நேரமாவது பேசமாட்டார் என்றுதான். பூதக்கண்ணாடியை வைத்துக்கொண்டு நாலு நாளில் முடித்தார். பேசாமலும் இருக்கவில்லை.

"தராசு, இங்க வா. இதை எழுதினவன் ஒரு நாளாவது கையால வேலை செஞ்சிருப்பான்னு நினைக்கிறே? 'தேவையான அளவு நூல்'ங்கிறான். தேவையான அளவுன்னா எவ்வளவு? முழமா, கஜமா? இவனை எல்லாம் காஸ்டிக் டின்கிட்ட விட்டா ஊரே வெந்துடும்."

"பிடிக்கலைன்னா குடுங்க மாமா. சோப்பு சுத்திடறேன்."

"இரு. ஒரே ஒரு பக்கம் மட்டும் ஏதோ வெவரமா எழுதியிருக்கான்."

அந்தப் பக்கம், காத்திருக்கும் பொருளிடமிருந்து நாளை எடுத்து, உயிர் போய்க்கொண்டிருக்கும் ஆளுக்குக் கொடுப்பது எப்படி என்பது பற்றியது. எத்தனை நாள் காத்திருந்ததோ அத்தனை முடிச்சு ஒரு நூலில் போட வேண்டும். நூலின் ஒரு முனை பொருளின் மேல், மறு முனை ஆளின் மணிக்கட்டில். பொருளைக் காத்திருக்க வைத்தவர் எவரோ அவர் கையாலேயே ஒவ்வொரு முடிச்சாக எண்ணி ஆள் பக்கம் தள்ளிவிட வேண்டும். தினம் விடியும்போது ஒரு முடிச்சு தானாக அவிழும். ஆளின் சொந்த நாள் கெட்டுப் போகாமல் அடியில் அப்படியே இருக்கும். கடைசியில் ஒரு வரி: எந்தப் பொருளின் நாளோ, அந்தப் பொருளின் குணம்.

அதற்கு அடுத்த நாள் டாக்டர் வந்தார். அறையில் சிரித்துப் பேசிவிட்டு, பட்டறைக்கு வந்ததும் சிரிப்பைப் பையில் வைத்துக்கொண்டார்.

"இன்னும் ரெண்டு நாள். மிஞ்சினா மூணு. சொல்லவேண்டியவங்களுக்குச் சொல்லிடுங்க."

சொல்லவேண்டியவன் ஒருவன்தான். பெரியவரின் இளைய மகன். ஒன்பது வருடத்துக்கு முன் ஒரு தட்டுச் சரக்கைப் பதினைந்தாம் நாளே எடுத்து விற்றுவிட்டான். வெளுப்புக்காரர்கள் பதினாறு பேருக்குக் கை கொப்புளித்தது. பெரியவர் தெருவே கேட்கத் திட்டி வீட்டை விட்டுப் போகச் சொன்னார், போய்விட்டான். இப்போது சரக்குக் கப்பலில் சமையல்காரன். மூத்தவன், அதாவது மருமகளின் கணவன், கப்பல் ஆபீசுக்குப் போன் போட்டுக் கேட்டான். கப்பல் இந்தத் துறைமுகத்துக்கு வர இன்னும் முப்பத்து மூன்று நாள் ஆகும் என்றார்கள்.

மருமகள் அதை மாமனாரிடம் மறைக்கவில்லை. மறைத்தால் அதற்குத் தனியாகத் திட்டுவார்.

அவர் பூதக்கண்ணாடியைக் கீழே வைத்தார்.

"அவன்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

"போன்ல சொல்லுங்க மாமா. கப்பலுக்குப் போன் போடலாமாம்."

"போன்லயா? பக்கத்துல பத்துப் பேர் நின்னு கேப்பான்."

"அப்போ சொல்லுங்க, நான் எழுதறேன்."

"தபால்காரன் கையில குடுத்து அனுப்ப இது என்ன முட்டைக்கோஸா? கதவைச் சாத்து."

சாத்தினாள்.

"அந்தச் சரக்கு, ஒன்பது வருஷம் முன்னால கையெல்லாம் வெந்துச்சே. அதுல தப்பு அவன் மேல இல்ல. தராசுல நிறுத்தது நான். எண்ணெய்க்காரன்கூட சண்டை போட்டுக்கிட்டே காஸ்டிக்கை ஒரு தடவை போட்டேன், சண்டை முடிஞ்சதும் மறுபடி ஒரு தடவை போட்டேன். அவன் போய் ஒரு வாரம் கழிச்சு டின்னைத் தூக்கிப் பாத்தப்பதான் தெரிஞ்சுது, லேசா இருந்துச்சு. நாப்பது நாள் இல்ல, நானூறு நாள் வச்சிருந்தாலும் அந்தச் சோப்பு கடிச்சிருக்கும்."

மருமகளுக்கு அது முழுப் புதுசும் இல்லை. அந்த வாரம்தான் அவர் தராசைக் கொண்டுவந்து அவள் முன்னால் வைத்து, இனிமேல் நீ நிறு என்று சொல்லிவிட்டுப் போனார். ஏன் என்று அவள் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் நல்லபடியாக ஒரு பதில் வந்திருக்காது.

"ஒன்பது வருஷம் சும்மா இருந்துட்டீங்களே மாமா."

"இருந்துட்டேன். அதுக்கு நீயும் ரெண்டு திட்டு திட்டிக்கோ. ஆனா சொல்லாமப் போகமாட்டேன். நேர்ல, என் வாயால சொல்லணும். அந்தப் புத்தகத்தை எடு."

மூத்தவன் புத்தகத்தை இரண்டு தடவை படித்தான். அவன் அதிகம் பேசாதவன். அண்டாவில் துடுப்புப் போட்டுக் கிண்டுகிறவனுக்கு அவ்வளவு பேச்சு தேவைப்படாது.

"பொருளோட குணம் வரும்னு போட்டிருக்கு. அப்போ நல்ல சரக்கா பாத்து எடுக்கணும்" என்றான்.

அங்கேதான் தவறு நடந்தது. சோப்புக்காரர்களைத் தவிர வேறு யாரும் அந்தத் தவறைச் செய்திருக்கமாட்டார்கள். உலர்த்தும் அறையில் அன்று நாற்பது நாள் முடிந்த சரக்கு மூன்று இருந்தது. ஒன்று தரை கழுவும் சோப்பு. ஒன்று துணிச் சோப்பு. மூன்றாவது குழந்தைச் சோப்பு, முதல் தர எண்ணெய், நானூறு கட்டி. சோப்புக்காரனுக்கு நல்ல சரக்கு என்றால் சாதுவான சரக்கு. பச்சைக் குழந்தையின் கண்ணில் பட்டாலும் எரியாது.

"தரைச் சோப்பு நிறைய இருக்கே, அதை எடுக்கலாமே" என்றாள் மருமகள். அவளுக்குக் குழந்தைச் சோப்பை விட மனமில்லை.

உள்ளேயிருந்து குரல் வந்தது. "தரைச் சோப்போட நாளை வச்சுக்கிட்டு நான் உயிரோட இருக்கணுமா? எனக்கு ஒரு மரியாதை வேணாம்? நம்ம வீட்லயே ஒசந்த சரக்கை எடுங்கடா."

மதியம் மழை கொட்டிக்கொண்டிருந்தபோது வேலை முடிந்தது. மருமகள் தட்டருகே உட்கார்ந்து நாற்பது முடிச்சையும் எண்ணி ஆள் பக்கம் தள்ளினாள். அந்தச் சோப்பைத் தட்டில் அடுக்கியவள் அவள்தான். நாற்பதாவது முடிச்சைத் தள்ளியதும் நானூறு கட்டியும் ஒரே சமயத்தில் கூழாகித் தட்டுகளின் இடுக்கு வழியே ஒழுகின. ஊற்றின அன்றைக்கு எப்படி இருந்ததோ அப்படி, சூடு உட்பட. மூத்தவன் முறத்தால் வாரி வாரி மறுபடி அச்சில் ஊற்றினான். இரண்டு வாளி தரையில் போயிற்று. மிச்சத்தை, இறுகியதும் வெட்டித் தட்டில் அடுக்கி, நூல் முனையை அதன் மேலேயே விட்டுவைத்தார்கள்.

மறுநாள் விடிந்ததும் பெரியவர் எழுந்து உட்கார்ந்திருந்தார். மருமகள் சூப்பை நீட்டினாள், வழக்கம்போல் ஓரடி தள்ளி நின்று.

ஒரு வாய் குடித்தார். "நல்லா இருக்கும்மா" என்றார்.

கிண்ணம் அவள் கையிலிருந்து நழுவாதது அதிர்ஷ்டம். அது அவர் கையில் இருந்தது.

அப்புறம் அது நின்றபாடில்லை. டாக்டர் வந்தால், "மழையில நனைஞ்சு வந்திருக்கீங்களே, தலையைத் துவட்டுங்க" என்றார். டாக்டர் அவரைச் சோதிப்பதை விட்டுத் தன் நாடியைப் பிடித்துப் பார்த்துக்கொண்டார். எதிர்த்தெருச் சோப்புக் கம்பெனியின் சரக்கைத் தொட்டுப் பார்த்து, நம்முடையதைவிடத் தேவலை என்றார். உடம்பைத் துடைத்துவிட்டால் வெறும் ஈரத் துணியில் நுரை வந்தது. அழுகிற கைக்குழந்தைகளைத் தெருக்காரர்கள் கொண்டுவந்து அவர் பக்கத்தில் கிடத்தினார்கள். பத்து நிமிஷத்தில் தூங்கிவிடும். ஒரு நாள் ஒரே சமயத்தில் ஐந்து குழந்தை. எடையும் தினம் கொஞ்சம் குறைந்தது. மருமகள் அவரைத் தூக்கி உட்காரவைக்கும்போது கைக்குத் தெரிந்தது.

மூத்தவனுக்கு முதல் வாரம் சந்தோஷம். பிறந்ததிலிருந்து கேட்காத பாராட்டெல்லாம் கேட்டான். இரண்டாவது வாரம் ஒரு கட்டியை வேண்டுமென்றே கோணலாக வெட்டிக் கொண்டுபோய்க் காட்டினான்.

திரும்பி வந்து அண்டா விளிம்பில் உட்கார்ந்தான்.

"என்ன சொன்னார்?"

"இதுவும் ஒரு அழகுதான்னார்."

"நல்லதுதானே."

"அப்பா இல்லாத மாதிரி இருக்குடி" என்றான்.

முப்பத்து மூன்றாம் நாள் காலை, தூறலில், இளையவன் தோளில் கான்வாஸ் பையோடு பட்டறை வாசலில் வந்து நின்றான். தாடியில் பாதி நரை. உள்ளே வராமல், வாசலில் கழற்றிய செருப்பை நேராக வைத்தான், மறுபடி நேராக வைத்தான்.

"அண்ணி."

"வாங்க தம்பி. நனையாதீங்க."

"நாளைக்கு மதியம் கப்பல் கிளம்பிடும். அவ்வளவுதான் லீவு. என்ன மூட்ல இருக்கார்?"

அவள் துண்டை எடுத்து நீட்டி, "உள்ள போய்ப் பாருங்க" என்றாள்.

அவன் அறைக்குள் போனான். திட்டு வாங்கத் தயாராக, தலையைக் கொஞ்சம் தாழ்த்தி, தோளை இறுக்கிக்கொண்டு.

"வாப்பா" என்றார் பெரியவர். "சாப்பிட்டியா? இளைச்சிட்டியே. இப்படி என் பக்கத்துல உக்காரு."

இளையவன் உட்காரவில்லை. திரும்பி அண்ணியைப் பார்த்தான்.

"இவர் யாரு?" என்று மெதுவாகக் கேட்டான்.

அவள் மாமனாரின் காதருகே குனிந்தாள். "மாமா, தம்பிகிட்ட ஒண்ணு சொல்லணும்னீங்களே. அந்தக் காஸ்டிக் விஷயம்."

"ஓ, அதா?" பெரியவர் முகத்தில் ஒரு சுருக்கம்கூட இல்லை. இளையவனின் கையைப் பிடித்துக்கொண்டார். "அதெல்லாம் பழைய கதைப்பா. நீ செஞ்சதை நான் அப்பவே மறந்துட்டேன். உன்மேல எனக்கு ஒரு வருத்தமும் கிடையாது."

இளையவன் கையை உருவிக்கொண்டான். "சரிப்பா" என்றான். பட்டறைக்கு வந்து, காலியாகக் கிடந்த அச்சுப்பெட்டி மேல் உட்கார்ந்து மழையைப் பார்த்தான்.

செய்யாத தப்புக்கு மன்னிப்பு வாங்கிக்கொண்டு நாளைக்குக் கப்பல் ஏறிவிடுவான். மருமகளே சொல்லிவிடலாம். ஆனால் அவள் வாயால் கேட்டால் அது அண்ணி சொன்ன ஆறுதல். அதற்கு மேல் அதற்கு எடை கிடையாது.

கணவனை அண்டாவுக்குப் பின்னால் கூப்பிட்டாள்.

"மாமா கையில இன்னும் ஏழு முடிச்சு இருக்கு. அதைத் திருப்பிச் சோப்புக்கே குடுத்துட்டா, அடியில அவரோட சொந்த நாள் இருக்கும்."

"அது ரெண்டு நாளுன்னாரே டாக்டர்."

"ரெண்டு, மூணு."

"ஏழு நாள்டி. ஏழு நாள் அவர் உயிரோட இருப்பார்."

"அவரோட ஏழு நாள் இல்லைங்க. சோப்போட ஏழு நாள்."

அவன் துடுப்பை எடுத்தான், வைத்தான். "அவரைக் கேளு. அவர் சரின்னா சரி."

அவள் போய்க் கேட்டாள். ஒளிக்காமல் எல்லாவற்றையும் சொன்னாள். ஏழு நாள் போகும், வலி திரும்பி வரும், ஆனால் நினைத்ததைச் சொல்லலாம். பெரியவர் புன்னகையோடு கேட்டுக்கொண்டிருந்தார். கேட்டு முடித்து அவள் தலையில் கை வைத்தார்.

"உனக்கு எது சௌகரியமோ அப்படியே செய்ம்மா."

இருபது வருடத்தில் அவளுடைய சௌகரியத்தை அவர் கேட்டதே இல்லை. அந்த வார்த்தையைக் கேட்டதும் அவள் தீர்மானித்துவிட்டாள்.

முடிச்சுகள் மழை ஈரத்தில் ஊறி இறுகியிருந்தன. நகத்துக்கு வரவில்லை. பல்லால் கடித்து இளக்கி, ஒவ்வொன்றாக எண்ணித் தட்டுப் பக்கம் தள்ளினாள். ஐந்தாவதில் பெரியவரின் முகத்தில் சுருக்கங்கள் திரும்பி வந்தன. ஆறாவதில் ஒரு முனகல். ஏழாவதையும் தள்ளினாள்.

தட்டில், முப்பத்து மூன்று நாளுக்கு முன் திரும்ப ஊற்றிய குழந்தைச் சோப்பு கணக்குக்கு நாற்பது நாள் ஆகிவிட்டது. அதைக் கவனிக்க அந்த நேரத்தில் யாருக்கும் பொழுதில்லை.

"எந்தக் கழுதைடா ஜன்னலைத் திறந்து வச்சது? மழை என் மேல பெய்யுறதுக்கா கூரை போட்டேன்?"

பட்டறையில் இளையவன் எழுந்து நின்றான்.

"அங்க என்ன நிக்கிறே, விருந்தாளி மாதிரி? ஒன்பது வருஷம் கழிச்சு வந்தவன் வாசலையே பாத்துக்கிட்டு உக்காந்திருக்கான். உள்ள வாடா."

வந்தான். பெரியவருக்கு மூச்சு வாங்கியது, வலியில் ஒரு கை போர்வையைக் கசக்கிக்கொண்டிருந்தது. பேச்சு மட்டும் நிற்கவில்லை.

"கேளு. குறுக்கே பேசாதே. நீ அவசரக்காரன். பதினஞ்சாம் நாள் சோப்பை எடுத்தது தப்புதான், அதுல மாத்தம் இல்ல. ஆனா கை வெந்தது அதால இல்ல. காஸ்டிக்கை ரெண்டு தடவை போட்டது நான். நிறுத்தது நான், தப்பு என்னுது. ஒரு வாரத்துலயே தெரியும். தெரிஞ்சும் உன்னைக் கூப்பிடல. அவ்வளவுதான். இதுக்கு மேல அழகா சொல்ல எனக்கு வராது."

இளையவன் கட்டில் காலைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"எனக்குத் தெரியும்ப்பா" என்றான்.

"என்ன தெரியும்?"

"வெளுப்புக்காரங்க வந்து சத்தம் போட்ட அன்னைக்கு, மிச்சமிருந்த கட்டி ஒண்ணை நாக்குல வச்சுப் பாத்தேன். பதினஞ்சு நாள் சோப்பு அப்படிக் கடிக்காது. காஸ்டிக் டபுள்னு அப்பவே தெரிஞ்சுபோச்சு."

பெரியவர் முழங்கையை ஊன்றி எழப் பார்த்தார். மருமகள் முதுகைத் தாங்கினாள்.

"தெரிஞ்சும் வாயை மூடிக்கிட்டு இருந்தியா?"

"தெருவே நின்னு பாத்துட்டு இருந்துச்சு. அத்தனை பேர் முன்னால நீங்க நிறுத்தது தப்புன்னு எப்படிச் சொல்றது?"

"அதுக்கு ஒன்பது வருஷமா? தெருவுல நின்னவங்க வீட்டுக்குப் போனதும் சொல்ல வேண்டியதுதானே? அப்படி எதுக்குடா போனே?"

"நீங்கதான் போன்னு சொன்னீங்க."

"நான் ஆயிரம் சொல்வேன். சொன்னதை எல்லாம் நீ என்னைக்குடா கேட்டிருக்கே, இதை மட்டும் கேட்டே? தினம் ராத்திரி அந்த டின்னை மனசுல தூக்கித் தூக்கி வச்சிருக்கேன் நான். இவன் கப்பல்ல ஜம்முனு வெங்காயம் உரிச்சுக்கிட்டு இருந்திருக்கான்."

"வெங்காயம் உரிக்கிறது ஒண்ணும் ஜம்முனு இல்லப்பா."

"எதிர்த்துப் பேசாதே."

அவர் திட்டினார். அவனுடைய தாடியைத் திட்டினார், கப்பலைத் திட்டினார், கடலைத் திட்டினார், வாசலுக்கு வந்து கழுத்தை நீட்டிப் பார்த்த மூத்தவனைக் கோணலாக வெட்டிய கட்டிக்காகச் சேர்த்துத் திட்டினார். மூத்தவன் சுவரில் சாய்ந்துகொண்டு, புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தான். இளையவன் இப்போது கட்டில் விளிம்பில் உட்கார்ந்திருந்தான். தோள் இறுக்கம் விட்டுப்போயிருந்தது. தலையை மட்டும் தாழ்த்தி எல்லாவற்றுக்கும் சரிப்பா, சரிப்பா என்றான்.

பேசிப் பேசி அலுத்து, ஒரு வாக்கியத்தின் பாதியில் பெரியவர் கண்ணை மூடினார். மார்பு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. மருமகள் ஜன்னலைச் சாத்தினாள். மழை வெளியே போனது.

யாரும் அறையை விட்டு நகரவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, கண்ணைத் திறக்காமலே அவர் கை போர்வையின் மேல் எதையோ தேடியது.

"டேய். போயிட்டியா?"

"இல்லப்பா. இங்கதான் இருக்கேன்."

"இருந்தா, இருக்கேன்னு சொல்லிக்கிட்டே இருக்க வேண்டியதுதானே" என்றார்.